இயந்திரத்துக்கு ஏது ஓரவஞ்சனை?

கேள்வி இது: "ஒரு கருவிக்குக் கோபமும் கிடையாது, வெறுப்பும் கிடையாது. கொடுத்த கணக்கைப் போடுகிறது, அவ்வளவுதான். அப்படியிருக்க, தொழில்நுட்பம் பாரபட்சம் காட்டுகிறது என்று சொல்வது மனிதர்களின் குற்றத்தைப் பெட்டியின் தலையில் கட்டுவது ஆகாதா?"

நியாயமான கேள்விதான். கருவிக்கு யார் மேலும் வெறுப்பில்லை என்பதும் சரி. ஆனால் பாரபட்சம் நடக்க வெறுப்பு வேண்டும் என்று நினைப்பதில்தான் சிக்கல். எந்தக் கருவியைச் செய்தாலும் யாராவது இரண்டு முடிவுகளை எடுத்தாக வேண்டும். "சாதாரண மனிதர்" என்று யாரை வைத்துக்கொள்வது? "சரியான விடை" என்று எதை வைத்துக்கொள்வது? இந்த இரண்டும் முடிவாகும் மேசையில்தான் பழைய தப்பெண்ணங்கள் சத்தமில்லாமல் உள்ளே வருகின்றன. அந்த மேசையைச் சுற்றி உட்கார்ந்திருப்பவர்கள் பெரும்பாலும் நல்லவர்கள்தான். வேலையைச் சீக்கிரம் முடிக்க நினைக்கும் நல்லவர்கள்.

இது செயற்கை நுண்ணறிவு வந்த பிறகு கிளம்பிய பிரச்சினை என்று பலரும் நினைக்கிறார்கள். எனக்குத் தெரிந்த மிகத் தெளிவான உதாரணம் 1970களின் கடைசியில் தொடங்குகிறது. லண்டனில் உள்ள செயின்ட் ஜார்ஜ் மருத்துவக் கல்லூரிக்கு ஆண்டுக்கு ஏறத்தாழ 2,000 பேர் விண்ணப்பிப்பார்கள். அவர்களில் யாரை நேர்காணலுக்கு அழைப்பது என்று ஆசிரியர்கள் உட்கார்ந்து ஒவ்வொரு விண்ணப்பமாகப் படித்து முடிவுசெய்தார்கள். அந்தப் பாரத்தைக் குறைக்கவும், ஆளுக்கு ஆள் மாறும் மதிப்பீட்டை ஒழுங்குபடுத்தவும் அங்கே பணியாற்றிய ஒருவர் கணினி நிரல் ஒன்றை எழுதி 1979இல் முடித்தார். சில காலம் தேர்வுக் குழுவும் நிரலும் அதே விண்ணப்பங்களைத் தனித்தனியாக மதிப்பிட்டன. நூற்றுக்கு 90 முதல் 95 வரை இரண்டும் ஒத்துப்போயின. பிறகென்ன, 1982 முதல் முதல்கட்டத் தேர்வு முழுவதையும் நிரலிடமே விட்டுவிட்டார்கள்.

அந்த நிரலுக்கு இடப்பட்ட வேலை, குழு முன்பு எடுத்த முடிவுகளைப் போலவே முடிவெடுப்பது. விண்ணப்பத்தில் இனம் என்ன என்ற கேள்வியே இல்லை. ஆனாலும் பெயரையும் பிறந்த இடத்தையும் பார்த்து, ஐரோப்பியர் அல்லாதவர் என்று தோன்றினால் அது மதிப்பெண்ணைக் குறைத்தது. பெண் என்றாலும் கொஞ்சம் குறைத்தது. அங்கேயே பணியாற்றிய மருத்துவர்கள் இருவர் 1986இல் புகார் செய்தார்கள். பிரிட்டனின் இனச் சமத்துவ ஆணையம் விசாரித்து 1988இல் அறிக்கை தந்தது. ஆண்டுக்கு 60 பேர் வரை இந்தக் காரணத்தால் மட்டுமே நேர்காணல் வாய்ப்பை இழந்திருக்கலாம் என்று அது கணித்தது.

நூற்றுக்கு 95 வரை ஒத்துப்போனதை அவர்கள் வெற்றியாகப் பார்த்தார்கள். மனிதர்கள் செய்துவந்த ஓரவஞ்சனையை நூற்றுக்கு 95 வரை பிசகாமல் செய்கிறது என்றும் அதையே வாசிக்கலாம். இந்த வழக்கில் எனக்கு இன்னும் பெரிதாகப் படுவது வேறு. அந்த மதிப்பெண் குறைப்பு ஆசிரியர்களின் மனசுக்குள் இருந்தவரை யாராலும் அதை நிரூபிக்க முடியவில்லை. நிரலுக்குள் எண்ணாக எழுதப்பட்ட பிறகுதான் கையும் களவுமாகப் பிடிபட்டது. அந்தக் கல்லூரி மற்றவற்றைவிட மோசமானதும் இல்லை. மற்ற கல்லூரிகள் அதே குறைப்பைக் கையால் செய்துகொண்டிருந்திருக்கலாம். அங்கே தோண்டிப் பார்க்க நிரல் எதுவும் இல்லை.

இனி "சாதாரண மனிதர் யார்" என்ற முதல் முடிவுக்கு வருவோம். இதற்குக் கணினியே தேவையில்லை, புகைப்படச் சுருள் போதும். வண்ணச் சுருள்களைக் கழுவிப் படம் போடும் வேலையை முதலில் கோடாக் நிறுவனமே வைத்திருந்தது. 1954இல் அமெரிக்காவில் போட்டியைக் காக்கும் சட்டத்தின் கீழ் ஏற்பட்ட உடன்பாட்டால் அது மற்ற கூடங்களுக்கும் திறந்துவிடப்பட்டது. எல்லாக் கூடங்களிலும் நிறம் ஒரே மாதிரி வர வேண்டும் அல்லவா? அதற்காக ஓர் அளவுகோல் படத்தை அச்சிட்டு அனுப்பினார்கள். அதில் ஒரு வெள்ளைக்காரப் பெண். முதலில் படத்தில் இருந்த பெண்ணின் பெயரால் தொழிலில் அதற்கு "ஷெர்லி அட்டை" என்றே பெயர் நிலைத்துவிட்டது. பின்னால் வேறு வேறு பெண்கள் படத்தில் வந்தாலும் அவர்களும் ஷெர்லிதான். அவருடைய தோல் சரியாக வந்தால் நிறம் சரி என்று பொருள்.

விளைவு என்ன? ஒரே வகுப்பில் வெள்ளைக் குழந்தைகளும் கறுப்பினக் குழந்தைகளும் பக்கத்தில் பக்கத்தில் நின்றால் ஒருவர் முகம் தெளிவாக இருக்கும், மற்றவர் முகத்தில் கண்ணும் பல்லும் மட்டும் தெரியும். இது வெறும் வெளிச்சப் பிரச்சினை என்று பல காலம் சொன்னார்கள். ஆனால் சுருளின் வேதியியலைப் பழுப்பு நிறங்களுக்கும் இடம் தரும்படி மாற்ற முடியும் என்பது பிறகு தெரிந்தது. 1970களில் அந்த மாற்றத்துக்கு நிறுவனத்தை நெருக்கியது யார் தெரியுமா? சாக்லேட் செய்பவர்களும் மரச்சாமான் செய்பவர்களும். கறுப்புச் சாக்லேட்டுக்கும் பால் சாக்லேட்டுக்கும் விளம்பரத்தில் வித்தியாசம் தெரியவில்லை, மரத்தின் நிறங்களுக்குள்ளும் வித்தியாசம் தெரியவில்லை என்பது அவர்களின் குறை. கறுப்பு, பழுப்பு நிறத் தாய்மார்கள் அதற்கு முன்பே தம் பிள்ளைகளின் படங்களைப் பார்த்து வருத்தப்பட்டிருப்பார்கள். அந்தக் குரல் அந்த மேசைக்குப் போகவில்லை. மேசை வியாபாரியின் குரலுக்குத்தான் செவிசாய்த்தது. பல நிறத்தவர்களும் இருக்கும் ஷெர்லி அட்டை 1990களில்தான் வந்தது.

"கருமையான தோல் குறைவான ஒளியைத்தான் திருப்பி அனுப்பும், அது இயற்பியல், இதில் பாரபட்சம் எங்கே?" என்று சிலர் கேட்பார்கள். இயற்பியல் சொல்வது எது கடினம் என்பதை மட்டும்தான். யாருக்காக அந்தக் கடினத்தை முதலில் தீர்ப்பது, யாரைக் காத்திருக்கச் சொல்வது என்பதை மனிதர்கள் முடிவு செய்கிறார்கள். கழுவும் தொட்டியில் கைநீட்டினால் சோப்பு தரும் தானியங்கிக் குழாய் சிலருடைய கறுத்த கையைக் கண்டுகொள்ளாமல், அதே கையில் வெள்ளைத் தாளை வைத்தால் உடனே வேலை செய்வதை 2017இல் பரவிய ஒரு காணொளியில் பலர் பார்த்திருப்பீர்கள். அதைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போய்விடலாம். அதே வகைக் கோளாறு உயிர்காக்கும் கருவியில் வந்தால் சிரிக்க முடியாது.

விரலில் மாட்டும் பல்ஸ் ஆக்சிமீட்டரை எடுத்துக்கொள்ளுங்கள். கோவிட் காலத்துக்குப் பிறகு அதைத் தெரியாதவர்கள் இல்லை. ஜப்பானியப் பொறியாளர் தகுவோ அயோயாகி 1970களின் தொடக்கத்தில் கண்ட கருத்து அது. சிவப்பு ஒளியையும் அகச்சிவப்பு ஒளியையும் விரல் வழியே அனுப்புகிறது. ஆக்சிஜன் ஏறிய ரத்தம் இந்த இரண்டையும் ஒரு விதமாக உறிஞ்சும், ஏறாத ரத்தம் வேறு விதமாக உறிஞ்சும். நாடி துடிக்கும்போது மாறும் பகுதியை மட்டும் பிரித்துப் பார்ப்பதால், மாறாமல் இருக்கும் தோல், எலும்பு, நிறம் எல்லாம் கணக்கிலிருந்து விழுந்துவிடும் என்பது கோட்பாடு. அழகான யோசனை.

நடைமுறையில் அவ்வளவு சுத்தமாக விழுவதில்லை. ஒளி விகிதத்தை ஆக்சிஜன் சதவீதமாக மாற்றும் அட்டவணை கோட்பாட்டிலிருந்து வருவது கிடையாது. ஆரோக்கியமான தன்னார்வலர்களைக் குறைந்த ஆக்சிஜன் உள்ள காற்றைச் சுவாசிக்க வைத்து, தமனி ரத்தத்தை எடுத்துச் சோதித்து, இரண்டையும் பொருத்தி உருவாக்குகிறார்கள். அந்தத் தன்னார்வலர்களில் வெளிர்நிறத் தோலினர்தான் அதிகம். 2013இல் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் தந்த வழிகாட்டுதல்கூட, சோதனைக்கு வருபவர்களில் குறைந்தது இருவரோ 15 சதவீதமோ, எது அதிகமோ அந்த அளவுக்குக் கருந்தோலினர் இருந்தால் போதும் என்றது. சோதனைக்கு 10 பேர் வந்தால் இருவர்.

கருந்தோலில் கருவி அதிகமாகக் காட்டுகிறது என்று 1990லேயே ஓர் ஆய்வு வந்தது. 2005இல் இன்னொன்று. யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. 2020 டிசம்பரில் மிச்சிகன் பல்கலைக்கழக மருத்துவர்கள் தங்கள் நோயாளிகளின் பதிவுகளை எடுத்துப் பார்த்தார்கள். விரல் கருவி 92 முதல் 96 வரை காட்டியபோது, அதாவது பரவாயில்லை என்று தோன்றும் அளவில் இருந்தபோது, ரத்தச் சோதனையில் உண்மையான அளவு 88க்கும் கீழே இருந்தது வெள்ளையர்களில் 3.6 சதவீதம், கறுப்பினத்தவரில் 11.7 சதவீதம். ஏறத்தாழ மூன்று மடங்கு. இந்த எண்ணைப் பார்த்துத்தான் யாரைச் சேர்ப்பது, யாருக்கு ஆக்சிஜன் தருவது, யாரை வீட்டுக்கு அனுப்புவது என்று மருத்துவமனைகள் முடிவுசெய்துகொண்டிருந்த காலம் அது. சோதனையில் இன்னும் பரந்த தோல் நிறத்தவர்களைச் சேர்க்க வேண்டும் என்று 2025 ஜனவரியில் அதே நிர்வாகம் புதிய வரைவு வழிகாட்டுதலை வெளியிட்டது. முதல் ஆய்விலிருந்து கணக்குப் பார்த்தால் 35 ஆண்டு. கருவியைச் செய்தவர்களுக்கு யார் மேலும் வெறுப்பில்லை. இருவர் போதும் என்று எழுதியவருக்கும் இல்லை.

பெண்கள் விஷயத்திலும் இதே கதைதான். கார் மோதல் சோதனையில் உட்காரவைக்கும் பொம்மைகளில் உலகம் முழுக்கப் புழங்குவது 1976இல் ஜெனரல் மோட்டார்ஸ் உருவாக்கிய வகை. உயரம் 175 செ.மீ., எடை 78 கிலோ, சராசரி அமெரிக்க ஆண். பெண் பொம்மை என்று பயன்படுத்தப்பட்டது, இதையே சுருக்கிய ஏறத்தாழ 150 செ.மீ. உருவம். பெண்ணின் இடுப்பும் கழுத்துத் தசையும் உட்காரும் விதமும் ஆணைச் சுருக்கினால் வந்துவிடாது. நேருக்கு நேர் மோதும் விபத்தில், சீட் பெல்ட் போட்டிருந்தும் பெண்கள் பலத்த காயமடையும் வாய்ப்பு விகிதம் ஆண்களைவிட 73 சதவீதம் அதிகம் என்று வர்ஜீனியா பல்கலைக்கழகம் 2019இல் கண்டது. இந்த எண்ணை மட்டும் பிடித்துக்கொண்டு ஆடக்கூடாது. பெண்கள் சிறிய, எடை குறைந்த கார்களை ஓட்டுவதும் இதில் ஒரு பங்கு வகிக்கிறது என்பதைப் பின்னால் வந்த ஆய்வு காட்டியது. ஆனால் அதைக் கழித்த பிறகும் கால், பாதக் காயங்களில் வித்தியாசம் மிஞ்சியது. சராசரிப் பெண்ணின் உடலமைப்பிலேயே செய்யப்பட்ட பொம்மையை ஸ்வீடனின் ஆஸ்ட்ரிட் லிண்டர் தலைமையிலான குழு 2022இல்தான் முன்வைத்தது.

சரி, இவையெல்லாம் "யாரை வைத்துச் சோதித்தோம்" என்ற வகை. இரண்டாவது வகை, "எதைச் சரியான விடை என்று சொல்லிக்கொடுத்தோம்" என்பது. தரவைப் பார்த்துத் தானாகக் கற்கும் நிரல்கள் வந்தபின் இதுதான் பெரிய வாசல்.

அமேசான் நிறுவனம் 2014 முதல் பயோடேட்டாக்களுக்கு நட்சத்திரம் போடும் நிரல் ஒன்றை உருவாக்கிப் பார்த்தது, பிறகு கைவிட்டது. இதை ராய்ட்டர்ஸ் செய்தி நிறுவனம் 2018இல் வெளியிட்டது. பத்தாண்டு விண்ணப்பங்களைப் பார்த்து அது கற்றது. அவற்றில் பெரும்பாலும் ஆண்கள். ஆகவே "பெண்கள் சதுரங்கக் கழகத் தலைவி" என்பதுபோல் "பெண்கள்" என்ற சொல் வந்தாலே அது மதிப்பெண்ணைக் குறைத்தது. பெண்கள் கல்லூரி இரண்டின் பட்டதாரிகளையும் கீழே தள்ளியது. அந்தச் சொற்களை மட்டும் நீக்கிப் பார்த்தார்கள். வேறு சொற்கள் வழியாக அதே வேலையைச் செய்யாது என்று உறுதி சொல்ல முடியவில்லை. செயின்ட் ஜார்ஜ் கதையிலிருந்து முப்பத்தைந்து வருஷம் கழித்து, அதைவிடப் பெரிய கணினியில், அதே கதை.

"அப்படியானால் இனம், பால் எதையும் நிரலுக்குச் சொல்லாமல் விட்டால் போதுமே" என்பது அடுத்து வரும் யோசனை. இது வேலை செய்யாது. ஏன் என்பதற்கு 2019இல் சயன்ஸ் இதழில் ஸியாத் ஓபர்மேயரும் அவருடைய சகாக்களும் வெளியிட்ட ஆய்வை நான் எப்போதும் சொல்வேன். அமெரிக்க மருத்துவமனைகளும் காப்பீட்டு நிறுவனங்களும், யாருக்குக் கூடுதல் கவனிப்பு தேவை என்று முன்கூட்டியே கண்டுபிடிக்க ஒரு நிரலைப் பயன்படுத்தின. அதற்கு இனம் சொல்லப்படவே இல்லை. ஆனால் "நோயின் தீவிரம்" என்பதை நேரடியாக அளக்க முடியாததால், அடுத்த ஆண்டு ஒருவருக்கு எவ்வளவு மருத்துவச் செலவாகும் என்பதைக் கணிக்கச் சொன்னார்கள். அதிக நோய் என்றால் அதிகச் செலவு. கேட்க நியாயமாகத்தானே இருக்கிறது?

செலவு என்பது நோயை மட்டும் பொறுத்ததல்ல. மருத்துவரிடம் போக முடிகிறதா, விடுப்பு கிடைக்கிறதா, போனால் மருத்துவர் காதுகொடுத்துக் கேட்கிறாரா, பழைய அனுபவத்தால் மருத்துவமனை மேல் நம்பிக்கை போய்விட்டதா என்பதையும் பொறுத்தது. அதே அளவு நோயுள்ள கறுப்பின நோயாளிக்கு வெள்ளை நோயாளியைவிடக் குறைவாகத்தான் செலவு செய்யப்பட்டுவந்தது. நிரல் அந்தப் பழைய புறக்கணிப்பைப் பார்த்து "இவருக்கு அவ்வளவு தேவையில்லை" என்று முடிவுகட்டியது. கூடுதல் கவனிப்புக்குத் தேர்வானவர்களில் கறுப்பினத்தவர் 17.7 சதவீதம். நோயின் அளவை வைத்துச் சரியாகத் தேர்ந்திருந்தால் 46.5 சதவீதம் இருந்திருப்பார்கள். நிரலில் ஒரு வரிகூடப் பிழை இல்லை. கேட்ட செலவை அது மிகத் துல்லியமாகவே கணித்தது. கேட்டதுதான் தவறு. இதில் ஆறுதல் என்னவென்றால், நிரலைச் செய்த நிறுவனத்தோடு சேர்ந்து, கணிக்கச் சொல்லும் இலக்கை மாற்றிப் பார்த்தபோது ஓரவஞ்சனை 84 சதவீதம் குறைந்தது.

முக அடையாளத் தொழில்நுட்பத்தைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள், ஆகவே சுருக்கமாகச் சொல்கிறேன். முகத்தைப் பார்த்து ஆணா பெண்ணா என்று சொல்லும் மூன்று நிறுவனங்களின் சேவைகளை ஜாய் புவோலம்வினியும் டிம்னிட் கெப்ருவும் 2018இல் சோதித்தார்கள். வெளிர்நிற ஆண்களிடம் பிழை அதிகபட்சம் 0.8 சதவீதம், கருநிறப் பெண்களிடம் 34.7 சதவீதம் வரை. மறு வருடம் திரும்பச் சோதித்தபோது அந்த மூன்று நிறுவனங்களும் வெகுவாகத் திருத்திக்கொண்டிருந்தன. முதல் சோதனையில் பெயர் வராத மற்ற நிறுவனங்கள் பின்தங்கியே இருந்தன. எவ்வளவு உபதேசம் செய்தாலும் வராத மாற்றத்தைப் பெயர் போட்டு வெளியிட்ட எண் கொண்டுவந்துவிட்டது. அமெரிக்கத் தர நிர்ணய நிறுவனம் 189 நிரல்களைச் சோதித்து 2019இல் தந்த அறிக்கையில் இன்னொரு நல்ல செய்தி உண்டு. பல நிரல்கள் ஆசிய, ஆப்பிரிக்க அமெரிக்க முகங்களை வேறொருவர் என்று தவறாகப் பொருத்துவது 10 முதல் 100 மடங்கு அதிகம் என்று கண்டார்கள். ஆனால் ஆசிய நாடுகளில் உருவான நிரல்கள் சிலவற்றில் ஆசிய முகங்களுக்கு அப்படிப்பட்ட வித்தியாசம் இல்லை. ஆக, இதை விதி என்று விட்டுவிட முடியாது.

துல்லியத்தைக் கூட்டினால் எல்லாம் சரியாகிவிடும் என்றும் நினைக்க வேண்டாம். தென்னாப்பிரிக்காவில் நிறவெறி ஆட்சி கறுப்பின மக்களைக் கட்டுப்படுத்த வைத்திருந்த அடையாளப் புத்தகங்களுக்குப் போலராய்டு என்ற உடனடிப் புகைப்பட நிறுவனத்தின் முறை பயன்பட்டது. 1970இல் கரோலின் ஹன்டர், கென் வில்லியம்ஸ் என்ற அந்த நிறுவனத்தின் ஊழியர்கள் இருவர் இதைக் கண்டுபிடித்து எதிர்ப்பைத் தொடங்கினார்கள். 1977இல் நிறுவனம் அந்த நாட்டை விட்டு வெளியேறியது. அங்கே படம் நன்றாக விழுந்ததுதான் பிரச்சினை.

இதுவரை சொன்னது, தொழில்நுட்பம் பாரபட்சத்தைப் பிரதிபலிப்பது. அதை வளர்ப்பது தனி விஷயம், என் பார்வையில் இதுதான் அதிக ஆபத்து. நிரல் சொன்னதை நம்பி நாம் ஒன்று செய்கிறோம், நாம் செய்தது அடுத்த சுற்றுத் தரவாகிறது, நிரல் தன் கணிப்பு சரிதான் என்று இன்னும் உறுதியாகிறது. 2016இல் கிறிஸ்டியன் லம், வில்லியம் ஐசக் இருவரும் அமெரிக்காவின் ஓக்லண்ட் நகரப் போலீஸின் போதைப்பொருள் பதிவுகளை, எங்கே ரோந்து போகலாம் என்று கணிக்கும் நிரலில் போட்டு ஒத்திகை பார்த்தார்கள். போதைப்பொருள் பயன்பாடு நகரம் முழுக்கக் கிட்டத்தட்டப் பரவலாக இருக்கிறது என்பது பொதுச் சுகாதாரக் கணக்கெடுப்பிலிருந்து கிடைத்த மதிப்பீடு. ஆனால் போலீஸ் பதிவில் அது குறிப்பிட்ட சில பகுதிகளில் குவிந்திருந்தது, ஏனென்றால் போலீஸ் அங்கேதான் தேடியிருந்தது. நிரல் மறுபடி அங்கேயே போகச் சொன்னது. போனால் கிடைக்கும். கிடைத்தால் பதிவாகும். கறுப்பினத்தவர் வெள்ளையரைவிட ஏறத்தாழ இருமடங்கு குறிவைக்கப்படும் நிலை வந்தது, உண்மையான பயன்பாட்டில் அப்படி வித்தியாசம் இல்லாதபோதே.

இதன் மென்மையான வடிவம் நம் எல்லோர் கையிலும் இருக்கிறது. 2019இல் ஆய்வாளர்கள் சிலர் ஃபேஸ்புக்கில் வேலை விளம்பரங்களைப் போட்டார்கள். ஆண், பெண், இனம் என்று எந்தக் குறியும் வைக்கவில்லை, எல்லாருக்கும் காட்டு என்றுதான் கொடுத்தார்கள். சூப்பர்மார்க்கெட் காசாளர் வேலைக்கான விளம்பரம் காட்டப்பட்டவர்களில் ஏறத்தாழ 85 சதவீதம் பெண்கள். டாக்ஸி நிறுவன வேலைக்கான விளம்பரம் காட்டப்பட்டவர்களில் ஏறத்தாழ 75 சதவீதம் கறுப்பினத்தவர். யார் சொடுக்குவார்கள் என்று பழைய பழக்கத்தை வைத்துக் கணித்து, அவர்களுக்கே காட்டியிருக்கிறது. தனக்குக் காட்டப்படாத வேலைக்கு யாரும் விண்ணப்பிக்க முடியாது. விண்ணப்பிக்காததால் "இவர்களுக்கு இதில் ஆர்வம் இல்லை" என்பது தரவாகிவிடுகிறது. இழந்தவருக்கு இழந்தது தெரியவே தெரியாது. புகார் கொடுக்க அவருக்கு ஒன்றும் இருக்காது.

மனசையும் இது மெல்ல மாற்றுகிறது. 2015இல் வந்த ஓர் ஆய்வில், படத் தேடலில் "தலைமை நிர்வாகி" என்று தேடினால் வந்தவர்களில் 11 சதவீதம்தான் பெண்கள். அப்போது அமெரிக்காவில் அந்தப் பதவிப் பிரிவில் உண்மையில் இருந்த பெண்கள் 27 சதவீதம். உலகம் ஏற்கெனவே கோணலாக இருக்கிறது, திரை அதை இன்னும் கோணலாகக் காட்டியது. திரித்த முடிவுகளைக் கொஞ்ச நேரம் பார்த்தவர்கள், அந்தத் தொழிலில் பெண்கள் எத்தனை பேர் என்று சொன்ன மதிப்பீடும் அதற்கேற்ப நகர்ந்தது என்பதையும் அதே ஆய்வு கண்டது. பெரிய நகர்வு கிடையாது. ஆனால் தினமும் பார்க்கிறோம் அல்லவா?

இங்கே ஒரு வலுவான மறுப்பு வரும்: "மனிதர்களும் இதைத்தானே செய்கிறார்கள்? இயந்திரம் அதைவிட மேலாக இருந்தால் போதாதா?" இந்த வாதத்தை நான் மதிக்கிறேன். பல இடங்களில் நிரல் மனிதரைவிடச் சீராக நடந்துகொள்ளும். ஒரு அதிகாரியின் கோபமும் களைப்பும் அதற்கு இல்லை. ஆனால் மூன்று விஷயங்களைச் சேர்த்துப் பார்க்க வேண்டும். தப்பெண்ணம் உள்ள ஒரு மேலாளர் ஓர் அலுவலகத்தைக் கெடுப்பார், அடுத்த அலுவலகத்தில் வேறொருவர் இருப்பார். ஒரே நிரலை எல்லா அலுவலகமும் வாங்கினால் போக வேறு இடம் இல்லை. அப்புறம், மனிதர் சொன்னால் எதிர்த்துக் கேட்கும் நாம், கணினி சொன்னால் அடங்கிப்போகிறோம். கடைசியாக, எது நியாயம் என்பதற்கே ஒரே ஒரு கணக்கு கிடையாது.

இந்தக் கடைசி விஷயம் பலருக்குப் புதிதாக இருக்கும். குற்றம் சாட்டப்பட்டவர் மறுபடி குற்றம் செய்வாரா என்று மதிப்பெண் போடும் காம்பஸ் என்ற நிரலை ப்ரோபப்ளிகா என்ற அமெரிக்கப் புலனாய்வுச் செய்தி நிறுவனம் 2016இல் ஆராய்ந்தது. பிறகு குற்றமே செய்யாதவர்களில், "ஆபத்தானவர்" என்று முத்திரை குத்தப்பட்டவர்கள் கறுப்பினத்தவரில் ஏறத்தாழ 45 சதவீதம், வெள்ளையரில் 23 சதவீதம். நிரலைச் செய்த நிறுவனம் பதில் சொன்னது: எங்கள் நிரலில் ஒரே மதிப்பெண் வாங்கிய இரு இனத்தவரும் ஏறத்தாழ ஒரே விகிதத்தில்தான் மறுபடி பிடிபடுகிறார்கள், ஆகவே இது நியாயமானது. இரண்டு தரப்பும் சொன்ன எண்கள் உண்மைதான். இரு குழுக்களிலும் அடிப்படை விகிதம், அதாவது மறுபடி பிடிபடுவோரின் பங்கு, வேறுபட்டால், இந்த இரண்டு நியாயங்களையும் ஒரே நேரத்தில் காப்பாற்ற முடியாது என்று கணிதவியலாளர்கள் நிரூபித்தார்கள். எந்த நியாயத்தை விட்டுக்கொடுப்பது என்று யாரோ தேர்ந்தெடுத்தாக வேண்டும். அதைப் பொறியாளரின் தலையில் கட்டிவிட்டு மற்றவர்கள் ஒதுங்க முடியாது. இது அரசியல் முடிவு.

"அப்படியானால் என்னதான் செய்வது?" என்று கேட்டால், என் பதில் நிரலைச் செம்மைப்படுத்தும் உத்திகளில் தொடங்காது. பாதிக்கப்பட்டவருக்குத் தெரிகிறதா என்பதில் தொடங்கும். ஏன் என்பதற்கு இரண்டு சம்பவங்களை ஒப்பிடுகிறேன்.

2020இல் கோவிட் காரணமாக இங்கிலாந்தில் பள்ளி இறுதித் தேர்வு ரத்தானது. ஆசிரியர்கள் கணித்த தரத்தை, அந்தப் பள்ளி முந்தைய ஆண்டுகளில் எப்படி வந்தது என்பதை வைத்து ஒரு நிரல் திருத்தியது. நூற்றுக்கு 39 தரங்கள் ஆசிரியர் சொன்னதைவிடக் குறைந்தன. பின்தங்கிய பள்ளியின் கெட்டிக்கார மாணவி தன் பள்ளியின் பழைய வரலாற்றைச் சுமந்தாள். வகுப்பில் மிகக் குறைந்த பேரே இருந்தால் ஆசிரியர் மதிப்பீடே நின்றது. சிறிய வகுப்புகள் கட்டணப் பள்ளிகளில்தான் அதிகம், ஆகவே லாபமும் அங்கே போனது. ஆகஸ்ட் 13 அன்று முடிவுகள் வந்தன. மாணவர்கள் தெருவில் இறங்கினார்கள். ஆகஸ்ட் 17 அன்று அரசு பின்வாங்கியது. நான்கு நாள்.

நெதர்லாந்தில் குழந்தைப் பராமரிப்பு உதவித்தொகையில் மோசடியைத் தேடிய வரித்துறை, ஆபத்தைக் கணிக்கும் நிரலில் குடியுரிமையையும் ஒரு காரணியாக வைத்திருந்தது. சின்னப் பிழை இருந்தாலும் முழுத் தொகையையும் திருப்பிக் கட்டச் சொன்னார்கள். பல்லாயிரம் குடும்பங்கள் கடனில் மூழ்கின. பல ஆண்டுகள் இது நடந்தது, 2021 ஜனவரியில் அதன் பேரில் அரசே ராஜினாமா செய்யும் வரை. அங்கே ஒவ்வொரு குடும்பமும் தனக்கு மட்டும் ஏதோ நேர்ந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தது. தான் ஏன் பட்டியலில் வந்தோம் என்று அவர்களுக்குச் சொல்லப்படவில்லை. இங்கிலாந்திலோ ஆசிரியர்களின் கணிப்பையும் நிரலின் தரத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க முடிந்தது, முடிவும் எல்லாருக்கும் ஒரே நாளில் வந்தது.

ஆகவே கடன், வேலை, சேர்க்கை, காப்பீடு என்று எதிலாவது உங்களை ஒரு கணினி நிராகரித்ததாகச் சந்தேகம் வந்தால், காரணத்தை எழுத்தில் கேளுங்கள். முடிவில் மனிதர் யாராவது பார்த்தாரா என்றும் கேளுங்கள். ஐரோப்பிய ஒன்றியத்தில் 2018இல் நடைமுறைக்கு வந்த தரவுப் பாதுகாப்பு விதிகளின் 22ஆவது பிரிவு, தன்னைப் பெரிதும் பாதிக்கும் முடிவை முழுக்க இயந்திரமே எடுப்பதற்கு எதிராக உரிமை தருகிறது. விதிவிலக்குகள் உண்டு, ஆனால் கேட்க ஒரு பிடி இருக்கிறது. அப்படிச் சட்டம் இல்லாத இடத்திலும் கேட்டுப் பாருங்கள். அதே பதில் கிடைத்த இன்னும் பத்துப் பேரைக் கண்டுபிடித்தால் இன்னும் நல்லது. கருவி வாங்கும் அல்லது வாங்கச் சிபாரிசு செய்யும் இடத்தில் நீங்கள் இருந்தால், "எத்தனை சதவீதம் துல்லியம்" என்ற கேள்வியோடு நிறுத்தாதீர்கள். யாரிடம் எத்தனை சதவீதம் என்று பிரித்துக் கேளுங்கள். விற்பவரிடம் அந்தப் பட்டியல் இல்லை என்றால், அவர்கள் பிரித்துச் சோதிக்கவில்லை என்றே எடுத்துக்கொள்ளலாம்.